சந்திராஷ்டம லீவு கேட்ட பலராமன்

“இன்னிக்குத் திங்கக்கெழம. சூலம் கெழக்கு. கெழக்கால எவனும் பயணம் போவக்கூடாது. மெட்ராஸ் எந்தப் பக்கம் கீது? கெழக்க. அப்ப மெட்ராஸ் பஸ்ஸ வழியிலயே நிறுத்தி எல்லாரையும் எறக்கி வுட்ரணும். இல்லாங்காட்டி ஆளுக்கு ஒரு கரண்டி தயிரு குடுக்கணும். அதான் பரிகாரம்னு போட்டுகீது.”

ஒரகடம் கூட்டுரோட்டு டீக்கடையில் பெஞ்சின் மேல் ஒரு காலைத் தூக்கி வைத்துக்கொண்டு பலராமன் பஞ்சாங்கம் வாசிக்கிறார். காலை ஷிப்டுக்குப் போகிறவர்கள் சைக்கிளை விட்டு இறங்காமல், ஒரு காலைத் தரையில் ஊன்றியபடி கேட்கிறார்கள், சிரிக்கிறார்கள். வாசிக்கிறவர் மட்டும் சிரிப்பதில்லை.

“ஏழரைக்கு ராகுகாலம், ஒம்போது வரிக்கும். பத்தரைக்கு எமகண்டம், பன்னெண்டு வரிக்கும். ஒன்னரைக்குக் குளிகை. நடுவுல கஞ்சி குடிக்கற நேரத்தையும் கழிச்சுக்கோ. எப்பய்யா வேல செய்யப் போற நீ?”

பஞ்சாங்கத்தை அவர் பிடிக்கும் விதமே தனி. வலது கையின் கட்டைவிரலுக்கும் மோதிர விரலுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, இடது கையால் பக்கத்தைத் திருப்புவார். வலது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் அடியோடு இல்லை.

சேரப்பணஞ்சேரிக்காரர். முப்பத்திரண்டு வயசு. ஏரிப் பாசனத்தில் கொஞ்சம் நிலம் அப்பா காலத்தில் இருந்தது, இப்போது இல்லை. சட்டைப் பொத்தானைப் போட நேரம் பிடிக்கிறது என்று எந்தச் சட்டையிலும் கழுத்துப் பொத்தானைத் திறந்தே வைத்திருப்பார். கல்யாண வீட்டுப் பந்தியில் இடது கையால் சோற்றைப் பிசைவார். பக்கத்து இலைக்காரர் முகம் சுளித்தால், பந்தி முழுவதும் கேட்கிற மாதிரி, “சோத்துக் கைய மிஷின் தின்னுடுச்சு. போய் மிஷினக் கேளு” என்று சொல்லிவிட்டு ரசத்தைக் கூப்பிடுவார். இரண்டு கல்யாணங்களில் நானே பார்த்திருக்கிறேன். ஒன்றில் பக்கத்து இலைக்காரர் எழுந்து வேறு வரிசைக்குப் போய்விட்டார். பலராமன் அந்த இலையிலிருந்த அப்பளத்தையும் எடுத்துக்கொண்டார்.

விரல் போனது இரண்டு வருஷத்துக்கு முன், எண்பத்து மூன்றில். ஆவணி மாதத்து வெள்ளிக்கிழமை.

வாலாஜாபாத் போகிற ரோட்டில், பனைமரங்களைத் தாண்டி, ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒரு ஷெட் இருக்கிறது. கதவுக்குப் போடும் கீல், தாழ்ப்பாள் எல்லாம் தகட்டிலிருந்து அடித்து எடுக்கும் இடம். முதலாளி ரகுபதி. கெட்ட மனுஷர் என்று அவரைச் சுற்றுவட்டாரத்தில் யாரும் சொல்ல மாட்டார்கள். பொங்கலுக்கு வேஷ்டி கொடுப்பார். ஆயுத பூஜைக்குப் பொரியோடு முந்திரியும் போடுவார். பஞ்சாங்கத்தைக் கண்ணில் ஒற்றிக்கொள்ளாமல் கல்லாவைத் திறக்க மாட்டார்.

அந்த வெள்ளிக்கிழமை புதிதாகப் பெரிய பவர் பிரஸ் ஒன்றை ஓட்ட நாள் குறித்திருந்தார்கள். ஒன்பதரையிலிருந்து பத்தரை வரை நல்ல நேரம். பத்தரைக்கு ராகுகாலம் பிறந்துவிடும். மாவிலை கட்டி, மிஷினுக்குச் சந்தனம் குங்குமம் வைத்து, சாமந்தி மாலை போட்டாயிற்று. குருக்களும் வந்துவிட்டார். மாட்டாத ஒன்று, கார்டு. அச்சு இறங்கும் இடத்தில் ஆளின் விரல் போகாதபடி மறைக்கும் கம்பிக் கூண்டுக்கு அந்தப் பெயர். கூண்டு வந்திருந்தது, அதன் போல்ட்டு மிஷினில் இருந்த ஓட்டைக்குச் சேரவில்லை. புது ஓட்டை போட மத்தியானம் ஆகும் என்றார் மிஷினைப் பூட்ட வந்திருந்த பிட்டர்.

“மத்தியானமா? நல்ல நேரம் போயிடும்யா. மொதல்ல ஓட்டு. கார்டை சாயந்திரம் மாட்டிக்கலாம்” என்றார் ரகுபதி.

முதல் தகட்டை அடிக்கப் பலராமனைக் கூப்பிட்டார்கள். ஷெட்டில் கை நடுங்காமல் வேலை செய்கிறவர் அவர்தான். அன்றைக்கு அவர் வீட்டிலேயே ஒரு சண்டை முடிந்திருந்தது. அவர் மனைவி அம்சவல்லி, பஞ்சாங்கம் பார்க்காமல் உலையில் அரிசி போட மனம் வராதவர். பலராமனுக்கு ரோகிணி நட்சத்திரம், ரிஷப ராசி. சந்திரன் ஒருவருடைய ராசிக்கு எட்டாம் ராசியில் இருக்கும் நாட்களைச் சந்திராஷ்டமம் என்பார்கள். மாதம் ஒரு தடவை எல்லோருக்கும் வரும். இரண்டு சொச்சம் நாள் இருக்கும். அந்த நாட்களில் புதிதாக எதையும் தொடாதே என்பார்கள். அந்த வெள்ளிக்கிழமை பலராமனுக்குச் சந்திராஷ்டமம்.

“இன்னிக்கு லீவு போடுயா. மனசு ஒரு மாரி கீது” என்று வாசலில் வழிமறித்தாராம் அம்சவல்லி.

“பூஜ அன்னிக்கு வராதவன் மறுநாளும் வர வேணாம்னு மொதலாளி சொல்லிகீறாரு. நீ நவுரு” என்று சொல்லிவிட்டு இவர் சைக்கிளை எடுத்தார்.

முதல் தகடு நன்றாக விழுந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். குருக்கள் தட்சிணை வாங்கிக்கொண்டு கிளம்பினார். பூஜை ஓட்டம் என்றால் அத்தோடு நிறுத்தியிருக்க வேண்டும். வெளியே லாரி நின்றுகொண்டிருந்தது. “அப்பிடியே ஓட்டுப்பா, சூடு ஆறாம” என்றார் முதலாளி. ஐம்பது அறுபது தகடு போயிருக்கும். பெடலை ஒரு தடவை மிதித்ததற்கு அச்சு இரண்டு தடவை இறங்கியது. இரண்டாவது தடவை பலராமனின் கை உள்ளே இருந்தது.

பக்கத்து மிஷினில் நின்றவர் யாக்கோபு. அவர்தான் பெல்ட்டைத் தள்ளி மிஷினை நிறுத்தி, தன் வேட்டியைக் கிழித்துக் கட்டி, அந்த லாரியிலேயே பலராமனை ஏற்றிச் செங்கல்பட்டுப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனார். சரக்கை ஏற்றாமல் லாரி போகிறதே என்று முதலாளி கத்தியதாக யாக்கோபு சொல்கிறார். முதலாளி இல்லை என்கிறார். நான் அங்கே இல்லை. ஆனால் லாரி திரும்பி வருவதற்குள் தரையை மஞ்சள் தண்ணீர் விட்டுக் கழுவித் தீட்டுக் கழித்துவிட்டார்கள் என்பதை இருவருமே ஒப்புக்கொள்கிறார்கள். மாலையில் மிஷின் மறுபடி ஓடியது. கார்டு மாட்டவில்லை. லாரி காத்திருந்தது.

மூன்றாம் நாள் ரகுபதி ஆப்பிளும் ஹார்லிக்ஸும் எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு வந்தார். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார். கையைப் பார்த்து உண்மையாகவே கண்ணைத் துடைத்துக்கொண்டார். அப்புறம் கேட்டார்:

“உன் நட்சத்திரம் என்னப்பா?”

“ரோகிணி மொதலாளி.”

கைப்பையிலிருந்து பஞ்சாங்கத்தை எடுத்துப் பிரித்தார். விரலால் வரி வரியாக இறங்கி வந்து ஓர் இடத்தில் நின்றார். நீளமாக மூச்சு விட்டார். “அன்னிக்கு உனக்குச் சந்திராஷ்டமம்பா. ஒரு வார்த்த சொல்லியிருந்தா வேற ஆளைத் தொடச் சொல்லியிருப்பேனே. மறைச்சிட்டியே. இப்ப கம்பெனிக்கே தோஷம்.”

அம்சவல்லி தலைமாட்டில் நின்றிருந்தார். மூன்று நாளாகத் தூக்கம் இல்லை. அழுகையோடு அழுகையாக, “நான் அப்பவே தலபாடா அடிச்சுகினேன் சார். இது கேக்கல” என்று சொல்லிவிட்டார்.

ரகுபதிக்கு அது போதுமாக இருந்தது. அதற்கப்புறம் யார் கேட்டாலும் ஒரே பதில்தான். “அவன் நேரம். அவன் சம்சாரமே சொல்லிச்சு.” நஷ்டஈடு என்ற பேச்சையே எடுக்கவில்லை. தோஷம் கழிக்க ஷெட்டில் ஓமம் செய்தார். அந்தச் செலவைப் பலராமன் தலையில் கட்டாமல் விட்டதை அவருடைய பெருந்தன்மையாக ஊரில் நாலு பேர் பேசினார்கள். நான் என் காதால் கேட்டேன். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மிஷினை வாங்கினவர் ஒருவர். கூண்டு இல்லாமல் ஓட்டச் சொன்னவர் அவரே. நிறுத்தாதே என்றவரும் அவரே. குற்றவாளியான கிரகம் மட்டும் வானத்தில் எட்டாம் வீட்டில் போய் உட்கார்ந்துகொண்டது. அதன் மேல் யார் போய் வழக்குப் போடுவது?

புண் ஆறி வேலைக்குப் போனபோது கேட்டுக்கு வெளியிலேயே நிறுத்தினார்கள். “ராசி இல்லாத ஆளு, உள்ள வுடவேணாம்னு சொல்லிகீறாங்க” என்றார் வாட்ச்மேன், தன் காலைப் பார்த்துக்கொண்டே. பலராமன் காஞ்சிபுரம் போய்த் தொழிலாளர் அதிகாரியிடம் மனு கொடுத்தார். தேதி தள்ளிக்கொண்டே போயிற்று.

அந்த நாட்களில்தான் அவர் பஞ்சாங்கம் ஒன்று வாங்கினார். அதுவரை அது பெண்டாட்டி சமாசாரம் என்று விட்டிருந்தவர், அட்டையிலிருந்து அட்டைவரை படித்தார். அமாவாசை, கிரகணம், பல்லி விழும் பலன், எந்தத் திசையில் எப்போது போகக்கூடாது, கரிநாள், அஷ்டமி, நவமி எல்லாம். படிக்கப் படிக்க அவருக்குக் கோபம் ஏறியிருக்கிறது. என்னிடம் சொன்னார்: “அதுல மொதலாளிக்குன்னு தனியா பக்கம் ஒன்னியும் போடல சார். எல்லாத்துக்கும் ஒரே ராகுகாலம்தான். நானு பொறந்த நேரத்துக்குத்தான் என் வெரல் போச்சின்னா, அந்த மிஷினு மேல கை வைக்கற அத்தினி பேருக்கும் அந்தச் சட்டம் உண்டா இல்லியா?”

கேட்டுக்கு எதிரே இருந்த புளியமரத்தடியில் போய் நின்று, ஷிப்டுக்கு வருகிறவர்களுக்கு வாசிக்க ஆரம்பித்தார். முதலில் பாவம் என்று கேட்டார்கள். அந்தப் பெரிய பிரஸ் அப்போதும் கூண்டு இல்லாமல்தான் ஓடியது. இப்போது அதில் நின்றவர் கோபால் என்று ஒருவர். பலராமனின் கையைப் பார்த்துவிட்டு உள்ளே போய் அதே இடத்தில் கையை நீட்டுவது அவருக்கு எப்படி இருந்திருக்கும்? நாலு நாளில் அவர்தான் முதலில் கேட்டார்: “அண்ணே, எனக்குச் சுவாதி. என்னிக்குண்ணே சந்திராஷ்டமம்?”

அடுத்த திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குச் சங்கு ஊதியது. ஒருவரும் உள்ளே போகவில்லை. ராகுகாலம். ஒன்பது வரை புளியமரத்தடியில் நின்றார்கள். செவ்வாய்க்கிழமை பிற்பகல் மூன்றுக்கு எல்லா மிஷினும் நின்றது. கைகளைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்து உட்கார்ந்தார்கள். சந்திராஷ்டமக்காரர்கள் வீட்டிலேயே இருந்துகொண்டு, சம்பளத்தோடு லீவு வேண்டும் என்று சொல்லி அனுப்பினார்கள். ஓவர்டைம் என்றால், “இன்னிக்கு அஷ்டமி மொதலாளி, கம்பெனிக்கு ஆவாது” என்று பணிவாகச் சொன்னார்கள். கேலிக்காகச் சேர்ந்தவர்கள் பாதி. உண்மையிலேயே பயந்து, பக்தியோடு சேர்ந்தவர்கள் பாதி. இரண்டு பாதியும் கூண்டு மாட்டும்வரை பெரிய பிரஸ்ஸைத் தொடுவதில்லை என்று சொல்லிவிட்டார்கள்.

ரகுபதி கேட்டுக்கு வந்து கத்தினார். “நான் நடத்தறது கம்பெனிடா! கோயில் இல்ல!”

“பின்ன ஆஸ்பத்திரில வந்து ஏன் மொதலாளி பஞ்சாங்கத்தப் பிரிச்சீங்க?” என்று மரத்தடியிலிருந்து கேட்டார் பலராமன்.

முதலாளி வாயைத் திறப்பதற்குள் யாக்கோபு முன்னால் வந்து நின்றார். “எனக்கு ஒரு சந்தேகம் மொதலாளி. எங்க வூட்ல நட்சத்திரம்லாம் பாக்கறதில்ல. எனக்கு எந்த நட்சத்திரம்னே தெரியாது. நாளைக்கு என் கை போச்சின்னா எது மேல பழி போடுவீங்க? இப்பவே சொல்லிட்டீங்கன்னா நிம்மதியா உள்ள போயிடுவேன்.”

அங்கே யாரும் சிரிக்கவில்லை என்கிறார் பலராமன். முதலாளி திரும்பி உள்ளே போய்விட்டாராம்.

கீல் வாங்கும் பெரிய கம்பெனிக்காரர்கள் அஷ்டமி, நவமியை எல்லாம் காதில் போட்டுக்கொள்ளவில்லை. சரக்கு எங்கே என்று கேட்டு ஆள் அனுப்பினார்கள். அந்த வாரமே பிட்டர் வந்தார். பஸ் அவரை இறக்கிவிட்ட நேரம் நல்ல ராகுகாலம். ரகுபதி கைக்கடிகாரத்தைப் பார்த்தார்; பிட்டரைப் பார்த்தார்; உள்ளே விட்டார். ராகுகாலத்திலேயே ஓட்டை போட்டு, ராகுகாலத்திலேயே கூண்டை மாட்டினார்கள். இன்றுவரை அதில் யாருக்கும் நகம்கூடப் பெயரவில்லை.

கதை இங்கே முடிந்திருந்தால் பலராமன் இன்றைக்கும் இவ்வளவு சூடாக இருக்க மாட்டார். நஷ்டஈட்டுக்கு அதிகாரி முன்னால் சமாதானம் பேசினார்கள். பேக்கிங் பிரிவில் வேலை, கையில் ஒரு தொகை. பத்திரத்தில் ‘துரதிர்ஷ்டவசமாக ஏற்பட்ட விபத்து’ என்று எழுதியிருந்தது. பலராமன் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

“துரதிர்ஷ்டம்னா இன்னா சார்? கார்டு இல்லன்றதுக்கு எழுத்துல அப்பிடித்தான் போடுவாங்களா?”

“அவன் நேரம் சார், நான் என்ன பண்ணட்டும்” என்று அதிகாரியிடம் கையை விரித்தார் ரகுபதி. “அவன் சம்சாரம் இதோ உக்காந்திருக்கு, கேளுங்க. அன்னிக்கு வேணாம்னு அதுவே தடுத்திருக்கு.”

அம்சவல்லி சுவரோரப் பெஞ்சில் இருந்தார். அந்த அறையில் இருந்த அத்தனை பேரும் திரும்பி அவரைப் பார்த்தார்கள். அவர் ஒன்றும் பேசவில்லை. தலையைக்கூட அசைக்கவில்லை. பேசாமல் இருப்பதும் அங்கே சாட்சியாகத்தான் போயிற்று.

“பணம் வேணுமா, வார்த்த வேணுமாய்யா உனக்கு?” என்று கேட்டார் அதிகாரி. வீட்டில் அடுப்பு எரிந்து நாளாகியிருந்தது. இடது கையால், ஒன்றாம் வகுப்புப் பிள்ளை எழுதுவது மாதிரி, பலராமன் தன் பெயரைப் போட்டார். வாலாஜாபாத் வழியாக வந்த பஸ்ஸில் புருஷனும் பெண்டாட்டியும் ஒரே சீட்டில் உட்கார்ந்து வந்ததாகச் சொன்னார். இறங்கும்போது அம்சவல்லி, “என் வாயாலதான போச்சி” என்றாராம். “வுடு” என்றாராம் இவர்.

இவர் விட்டாரே தவிர ஊர் விடவில்லை. இப்போதும் யாராவது அந்தக் கையைப் பார்த்துவிட்டு, “ரோகிணி, சந்திராஷ்டமத்துல போய்…” என்று ஆரம்பிப்பார்கள். பெரிய படிப்புப் படித்தவர்களும் உண்டு அவர்களில். பலராமன் அவர்களைப் பேச விடுவதில்லை. பெஞ்சில் உட்கார வைத்து, சொந்தக் காசில் டீ வாங்கிக் கொடுத்து, ராகுகாலத்தில் பிறந்த பிள்ளைகளை எல்லாம் ஊர் ஊராகப் பெயர் சொல்லி எண்ண ஆரம்பித்துவிடுவார். டீ ஆறும்வரை எழுந்திருக்க முடியாது.

போன மாசம் அவருக்குப் பெண் குழந்தை பிறந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அழைத்து வந்த மறுநாள், “வாங்க சார், வந்து பாருங்க” என்று என்னைக் கூட்டிப்போனார். கூரை வீடுதான்; வாசல் நிறையப் பெண்கள். அம்சவல்லி உள்ளே பாயில், சுவரில் சாய்ந்து, குழந்தையை மடியில் வைத்துக்கொண்டிருந்தார். அம்சவல்லியின் அண்ணன் தணிகாசலம் வெளுத்த சட்டை போட்டு, வெற்றிலை பாக்கும் பழமும் பையில் வைத்துக்கொண்டு புறப்படத் தயாராக நின்றிருந்தார். ஜாதகம் எழுத வாலாஜாபாத்துக்குப் போக வேண்டுமாம்.

“மாப்ள, பொறந்த நேரம் சொல்லு” என்றார்.

பலராமன் கூரையைப் பார்த்தார். “நான் வெளிய இருந்தேன் மச்சான். கடியாரம் பாக்கல.”

“இன்னாபா இது! அன்னிக்கு மத்தியானம் வரிக்கும் ஆயில்யம், அப்பறம் மகம். நேரம் தெரிஞ்சாத்தான எதுன்னு சொல்ல முடியும்?”

வாசலில் இருந்தவர்கள் அத்தனை பேருக்கும் அந்தக் கேள்வியின் பாரம் தெரியும். ஆயில்யத்தில் பிறந்த பெண் மாமியாருக்கு ஆகாது என்று சொல்லிச் சொல்லியே அவளைப் பெண் கேட்டு வருகிறவர்களைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். மகத்தில் பிறந்தவளை ராணி என்று கொண்டாடுவார்கள். இரண்டுக்கும் நடுவில் ஒரு மத்தியான வேளைதான். அந்தப் பச்சைக் குழந்தைக்கு இன்னும் கண்கூடச் சரியாகத் திறக்கவில்லை.

“மகமாத்தான் இருக்கும், மொகத்தப் பாத்தாலே தெரீலியா” என்றார் ஒரு அம்மாள். “நீ சொல்லு அம்சா, உனக்குத் தெரியாம எப்பிடி? நர்சு சொல்லிருப்பாளே” என்றார் இன்னொருவர். தணிகாசலம் தங்கைக்கு எதிரே குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.

“அம்சா, மத்தியானத்துக்கு முன்னயா, பின்னயா? அதயாச்சும் சொல்லு.”

எல்லோரும் அம்சவல்லியைப் பார்த்தார்கள். பலராமனும் பார்த்தார். அம்சவல்லி என்ன சொல்லப் போகிறார் என்று பலராமனுக்கே தெரியாது; அவர் முகத்தைப் பார்த்தபோது எனக்கு அப்படித்தான் தோன்றியது.

அம்சவல்லி அண்ணனை நிமிர்ந்து பார்த்தார்.

“தெரியாது” என்றார். முந்தானையை இழுத்துக் குழந்தையின் முகத்தை மூடிக்கொண்டு, சுவர்ப்பக்கம் திரும்பிப் பால் கொடுக்க ஆரம்பித்தார்.